கழுத்து வரை மண்

அந்தக் காலத்தில் செடிகளும் பேசும், கோழிகளும் பேசும். செத்தது மனுசனோ மாடோ மரமோ, யாராக இருந்தாலும் ஒரே மாதிரிதான் காரியம் செய்வார்கள். நேற்று வரை பேசிய வாயைக் குப்பையில் போடுவது எப்படி?

அப்போதெல்லாம் தக்காளியின் தண்டு வெங்காயத் தாள் போல வழவழவென்று இருக்கும். வேர் ஒன்றே ஒன்று. ஒரு வருசம் அடைமழை பிடித்துக்கொண்டது. அந்த ஒற்றை வேர் அழுகி, நின்ற செடியெல்லாம் சாய்ந்தன. கடைசியில் ஒரு கிழட்டுச் செடியும் அதில் ஒரு பழமும்தான் மிஞ்சின.

ஊரார் கூடி, அந்தப் பழத்தை ஒச்சம்மாவிடம் கொடுப்பது என்று முடிவு செய்தார்கள். அவள் கையில் ஒரு பானை உடைந்து யாரும் பார்த்ததில்லை. விளக்கை ஏந்தி நடந்தால் சுடர்கூட ஆடாது.

"தாயி, என் பிள்ளைகள்ல ஒண்ணையாவது ஆளாக்கிரு. இல்லேன்னா உலகத்துல எங்க வம்சமே இல்ல" என்று சொல்லிவிட்டுக் கிழட்டுச் செடி தலை சாய்ந்தது.

அன்றைக்கே ஒச்சம்மா வேலையைத் தொடங்கினாள். பழத்தைப் பிழிந்து, விதைகளைச் சாம்பலில் பிசறி நிழலில் காயவைத்தாள். கொட்டாங்கச்சிகளில் மண்ணும் மக்கின சாணமும் நிரப்பி ஊன்றினாள். விதை புரண்டுவிடுமோ என்று தண்ணீரை ஊற்றாமல் விரலால் தெளித்தாள். அப்படியும் பாதியை எறும்பு தூக்கிக்கொண்டு போனது. முளைத்ததைக் கோழி கொத்தியது.

"ஏன்டி தின்னே?" என்று கம்பை ஓங்கினாள்.

"பச்சையா இருந்துச்சு, தின்னேன். சிவப்பா இருந்தாலும் தின்னுருப்பேன்" என்றது கோழி, வாயைத் தரையில் துடைத்துக்கொண்டு.

மிஞ்சியது ஒரே ஒரு நாற்று. அதை ஒச்சம்மா வீட்டுக்குள் கொண்டுபோய்த் தானியக் குலுக்கைக்குப் பின்னால் வைத்தாள். மேலே கூடையைக் கவிழ்த்தாள். கூடையைக் கோழி தள்ளிவிட்டால்? அதன் மேல் அம்மிக் குழவியைத் தூக்கி வைத்தாள்.

"அக்கா, இருட்டா இருக்கு."

"இருட்டுதான் நல்லது. கோழிக்கு உன்னைத் தெரியாது."

"எனக்கே என்னைத் தெரியலையே!"

"சத்தம் போடாதே. வெளியே கேட்டுறப் போகுது."

எலி ஓடினால் நாற்றுக்குப் பயம். குலுக்கையில் தானியம் சரசரத்தால் பயம். பயத்தில் உடம்பு சிலிர்த்துச் சிலிர்த்து, வழவழத்த தண்டெல்லாம் பொடி மயிர் எழும்பி நின்றது. கூடையில் ஊசி நுழையும் அளவு ஓர் ஓட்டை. அதில் கொஞ்சம் வெளிச்சம். அதை எட்டுவதற்காக நாற்று கழுத்தை நீட்டிக்கொண்டே போனது.

ஒச்சம்மா அடிக்கடி கூடையைத் தூக்கிப் பார்ப்பாள். உயரத்தைக் கண்டு சந்தோசம் வரும். மெலிவைக் கண்டதும் அது போய்விடும். வெளியே வைத்தால் கோழி, உள்ளே வைத்தால் இந்தக் கோலம்.

ஒருநாள் அவள் நாத்தனார் மாயக்காள் வந்து எட்டிப் பார்த்தாள்.

"இது வளந்த பிள்ளை இல்ல மதினி, ஏங்கின பிள்ளை. இப்படி மூடி மூடி வச்சா! உங்களைக் கட்டிக்கிட்டு எங்கண்ணன் எப்படித்தான் மூச்சு விடுறாரோ!"

ஒச்சம்மாவுக்குச் சுருக்கென்றது. அந்த வேகத்தில் நாற்றை எடுத்துக்கொண்டு வெளியே ஓடி, நடு வெயிலில் வைத்துவிட்டாள்.

வெயிலையே காணாத கழுத்து. ஈர நூல் மாதிரி மடங்கிக் கீழே விழுந்தது. இலைகள் சுருண்டன. "ஏ கண்ணு, ஏ கண்ணு" என்று கூப்பிட்டாள். பதில் இல்லை. நிழலுக்குத் தூக்கினாள். தண்ணீர் தெளித்தாள். அப்போதும் பதில் இல்லை.

"நான்தான் கொன்னுட்டேன்" என்றாள்.

மாயக்காளின் குரலும் இறங்கிவிட்டது. "பொழுது சாயுது மதினி. செத்ததை வச்சுக்கிட்டு இருக்கக் கூடாது."

கொல்லையில் நீளமாகக் குழி வெட்டி, முறைப்படி நாற்றைப் படுக்க வைத்தார்கள். மாயக்காள் மூன்று பிடி மண் போட்டாள். ஒச்சம்மா காலை மூடினாள், வயிற்றை மூடினாள், கழுத்து வரை வந்து நின்றாள்.

"முகத்தையும் மூடுங்க."

"மூடுறேன்."

கை போகவில்லை. "கண்ணுல மண்ணு விழுந்துருமே, மாயக்கா."

"செத்ததுக்கு ஏது கண்ணு?"

சொன்னாளே தவிர, அவளும் குனிந்து மூடவில்லை. ஒச்சம்மா ஓர் ஆமணக்கு இலையைப் பறித்து, மண்ணுக்குப் பதிலாக அந்த முகத்தின் மேல் கவிழ்த்தாள். தோளில் ஓட்டைக் குடத்தை ஏற்றி மூன்று சுற்றுச் சுற்றி வந்தாள். குழியைச் சுற்றிலும் தண்ணீர் ஒழுகி ஊறியது. கடைசியில் குடத்தைப் போட்டு உடைத்தாள். வாழ்நாளில் அவள் கையால் உடைந்த முதல் பானை அதுதான். பிறகு முறைப்படி திரும்பிப் பார்க்காமல் நடந்தாள்.

மறுநாள் விடியலில் சொம்பில் பால் எடுத்துக்கொண்டு போனாள். ஊருக்கு என்ன பதில் சொல்வது? அந்தக் கிழட்டுச் செடிக்கு என்ன பதில் சொல்வது? குனிந்து இலையை எடுத்தாள்.

நாற்று தலையை நிமிர்த்திக்கொண்டு பார்த்தது.

"பாலு யாருக்குக்கா?"

சொம்பு நழுவியது. "உனக்குத்தான்" என்றாள்.

"எனக்கு எதுக்கு? தண்ணியே போதும். பயத்துல நின்ன மயிரு இருக்கே, அதெல்லாம் மண்ணைப் பிடிச்சுக்கிச்சு. முன்னே எனக்கு ஒத்தைக் காலு. இப்ப எண்ண முடியலக்கா!"

ஒச்சம்மா நம்பாமல் மெல்ல இழுத்துப் பார்த்தாள். அசையவில்லை. உடனே வீட்டுக்குள் ஓடிக் கூடையைத் தூக்கிக்கொண்டு வந்தாள்.

"கூடை வேண்டாம்க்கா" என்றது நாற்று.

அவள் கூடையைக் கையிலேயே வைத்துக்கொண்டு, கோழியைப் பார்த்தபடி பொழுது சாயும் வரை அங்கேயே உட்கார்ந்திருந்தாள்.

அந்த நாற்றின் வழிவந்தவைதான் இன்றைக்கு இருக்கும் தக்காளியெல்லாம். தக்காளித் தண்டில் பொடி மயிர் நிற்பதும், மண் தொட்ட இடமெல்லாம் அது வேர் விடுவதும், நெட்டையாகிப்போன நாற்றைப் படுக்க வைத்துக் கழுத்து வரை மூடிச் சுற்றிலும் தண்ணீர் ஊற்றி நடுவதும் அன்று முதல்தான். நட்டவர்கள் மறுநாள் காலையில் முகம்கூடக் கழுவாமல் ஓடிப்போய், தலை நிமிர்ந்திருக்கிறதா என்று பார்க்கிறார்களே, அதுவும் அன்று முதல்தான்.