கோட்டு வாங்கி வைப்பவள் கேட்ட கேள்வி

பல்கேரியாவில் பொதுவுடைமை ஆட்சி போன புதிது. மூன்று கட்சிகள் சேர்ந்து அரசு அமைத்திருந்தன. தினம் ஒரு கட்சி, "ஆதரவு வாபஸ்!" என்று எழுந்து போய்விடும். வெளியே பனி கொட்டியது. ஆஸ்பத்திரிகளின் கணப்புகளுக்கு நிலக்கரி வாங்கும் மசோதா மட்டும் நிறைவேறவே இல்லை.

நாடாளுமன்ற வாசலில் உறுப்பினர்களின் கோட்டுகளை வாங்கி வைப்பவள் ஸ்வெதானா. அவள் கணவன் நிமோனியாவோடு குளிர்ந்த வார்டில் கிடந்தான்.

சபாநாயகர் அவளிடம் உறுமினார். "ஓட்டெடுப்பு முடியிறவரைக்கும் எந்தத் தலைவரும் வெளிய போகக்கூடாது. போனா உன் வேலை போச்சு!"

சற்று நேரத்தில் கட்சித் தலைவர் கோலெவ் சீறிக்கொண்டு வந்தார். "கூட்டணி முறிஞ்சுது! கோட்டை எடு!"

"இதோ ஐயா," என்று பணிவாக நீட்டினாள். "உங்க மந்திரி பதவிகளை மத்த ரெண்டு கட்சியும் பங்கு போட்டுக்கலாம்னு உள்ள போய்ச் சொல்லிடட்டுமா?"

கோலெவ் விழித்தார். கோட்டை அவள் கையிலேயே விட்டுவிட்டு உள்ளே ஓடினார். பின்னால் வந்த இரண்டு தலைவர்களையும் அவள் அப்படியே கேட்டாள். அவர்களும் வந்த வழியே திரும்பினார்கள்.

மசோதா நிறைவேறியது. வார்டில் கணப்பு எரிந்தது. சபாநாயகரே தேடி வந்து அவள் கையைப் பிடித்துக்கொண்டார். "ரொம்ப நன்றிம்மா. என்ன வேணும், கேளு."

"நான்தான் நன்றி சொல்லணும் ஐயா. என் வீட்டுக்காரர் நேத்து போர்வையை விலக்கிட்டுத் தூங்கினார்." அவள் கண் கலங்கியது. "ஒண்ணே ஒண்ணு. அடுத்த தடவை அரசைக் கவிழ்க்கிறதா இருந்தா, கோடைக்காலமாப் பாத்துக் கவிழ்த்துக்கோங்க."