முப்பத்திரண்டாவது பெயர்

இக்கதையை 2011ஆம் ஆண்டு மார்ச்சில், ஒஸ்லோவில், கரவெட்டி வல்லிபுரம் தவநாயகம் அவர்களிடம் கேட்டுப் பதிவுசெய்தேன். வடநோர்வேத் தீவொன்றின் மீன் தொழிற்சாலையில் பத்தொன்பது ஆண்டுகள் வேலை செய்தவர் அவர். தீவின் பெயரை இருமுறை கேட்டேன். இருமுறையும் வெவ்வேறு பெயர் சொன்னார். ஆகவே அதை விட்டுவிட்டேன். கதைமாந்தர் நோர்வேக்காரர்களாயினும் அவர்களைத் தம் ஊர்ப் பேச்சிலேயே பேசவைத்தார். அதை நான் திருத்தவில்லை. எல்லோரும் எல்லோரையும் 'நீ' என்பது ஏன் என்று கேட்டதற்கு, "அங்கை ராசாவுக்கு மட்டும்தான் 'நீங்கள்'" என்றார்.

"முப்பது வருசமா ஏறிக்கொண்டே இருக்கிறன், தோர்டிஸ். ஒரு படியிலையும் என்னாலை நிக்க ஏலாமல் கிடக்கு. ஏன்?"

கேட்டவன் ஹால்வர். நாட்டின் போக்குவரத்து அமைச்சர்.

தோர்டிஸ் தீவின் கூட்ட மண்டபத்தில் கதிரைகளை வரிசையாக வைத்துக்கொண்டிருந்தாள்.

"உனக்கு முன்னாலை முப்பத்தொரு பேர் நிக்கினம்" என்றாள்.

"நான் கேட்டது வேறை."

"நான் சொல்லுறது பேச்சாளர் பட்டியல். நீ முப்பத்திரண்டு."

ஹால்வரைப் பதினைந்து வயதில் கட்சியின் இளைஞர் அணியில் சேர்த்தவள் தோர்டிஸ்தான். அப்போது அவளுக்குப் பதினெட்டு. தீவுக் கிளையின் தலைவி. எப்போது கையை உயர்த்துவது, மூன்று நிமிடத்தில் எப்படி முடிப்பது, வாக்கெடுப்பில் தோற்ற பிறகும் ஏன் கோப்பி குடிக்க நிற்பது, எல்லாம் அவளிடம் கற்றவை.

பத்தொன்பதில் மாவட்டச் செயலாளர் ஆனான். இருபத்துநாலில் இளைஞர் அணியின் நாட்டுத் தலைவர். முப்பத்தொன்றில் பாராளுமன்றம். நாற்பத்தைந்தில் அமைச்சர்; பதவியேற்று வந்து அரண்மனை வாசலில் கையில் பூங்கொத்து.

ஒவ்வொரு கதிரையிலும் அமர்ந்த முதல் வாரமே அடுத்த கதிரையைப் பார்த்தான்.

தோர்டிஸ் தீவை விட்டுப் போகவில்லை. தொழிற்சாலையில் மேற்பார்வையாளர். தீவில் எந்தக் கூட்டமானாலும் நடத்துபவள் அவளே.

அன்று அமைச்சர் வந்திருந்தது ஒரே ஒரு செய்தியைச் சொல்ல. தீவையும் பெருநிலத்தையும் இணைக்கும் விரைவுப் படகு இனி வராது. கடிதம் அவனுடைய சட்டைப்பையில் இருந்தது, கையெழுத்துதான் மிச்சம். "முகம் பார்த்துச் சொல்லாமல் எந்தப் படகையும் நிறுத்தமாட்டேன்" என்று பத்திரிகைகளுக்கு வாக்குக் கொடுத்திருந்தான். அன்றே சொல்லி, அன்றே கையெழுத்திட்டுத் திரும்பினால், மறுவாரக் கட்சி மாநாட்டில் துணைத் தலைவர் பதவி அவனுக்கு.

திரும்புவதற்கு இருந்தது நாலு மணிப் படகு. அதுவே அன்றைய கடைசி.

"நான் அமைச்சர், தோர்டிஸ். முதல் பேசுறதுதான் முறை."

"ஆற்றை முறை? இந்த மண்டபத்திலை பேசாத ஆள் முதல் பேசோணும். நீ இதிலை நூறு தரம் பேசியிருக்கிறாய்."

"நாலு மணிக்குப் படகு."

"தெரியும். எங்களுக்கும் அதுதான் படகு."

இரண்டரை மணிக்குக் கூட்டம் தொடங்கிற்று.

முதலில் பேசியவன் படகைப் பற்றியே பேசவில்லை. இறங்குதுறையில் யார் வீட்டு நாய் அசுத்தம் செய்கிறது என்பதே அவன் கவலை. தோர்டிஸ் அவனுக்கும் மூன்று நிமிடம் கொடுத்தாள்.

ஹால்வர் கைக்கடிகாரத்தைப் பார்த்தான். காலை ஆட்டினான். தொலைபேசியைக் கவிழ்த்து வைத்தான், நிமிர்த்தினான், மறுபடி கவிழ்த்தான். யார் பேசும்போதும் அவன் கேட்டது அந்தப் பேச்சின் முடிவை மட்டுமே.

இந்தக் கூட்டங்களில் இரண்டு வழக்கங்கள் உண்டு. பேச விரும்புபவர் ஒரு விரலை உயர்த்தினால் பெயர் பட்டியலின் அடியில் சேரும். முன்னவர் பேசியதற்கு உடனே மறுமொழி சொல்வதானால் இரண்டு விரல். அதற்குப் பட்டியல் இல்லை, ஒரே நிமிடம்.

பன்னிரண்டாவது ஆள் அமர்ந்ததும் ஹால்வர் இரண்டு விரலை உயர்த்தினான்.

"மறுமொழி. ஹால்வர்" என்றாள் தோர்டிஸ்.

அவன் எழுந்தான். "இப்ப பேசினவருக்கு நன்றி. படகுச் சேவையைப் பற்றி அரசாங்கம் நெடுக யோசிச்சு..."

தோர்டிஸின் சுத்தியல் மேசையில் விழுந்தது.

"இப்ப பேசின ஆள் என்ன சொன்னவர்?"

ஹால்வர் தொலைபேசியைப் பார்த்தான்.

"உந்த விளையாட்டை உனக்குக் காட்டித் தந்ததே நான்தான். இரு."

மண்டபம் சிரித்தது. பின்வரிசையில் ஒருவன், "அமைச்சருக்குக் கோப்பி குடுங்கோ, களைச்சுப்போனார்!" என்றான்.

மற்றொரு வழக்கமும் உண்டு. தான் சொல்ல வந்ததை முன்னவர் எவரேனும் சொல்லிவிட்டால், தன் முறை வரும்போது எழுந்து, "என் பெயரை அடித்துவிடு" என்று சொல்லி அமர்வது. அன்று எட்டுப் பேர் அப்படி அமர்ந்தார்கள். ஒவ்வொரு முறையும் ஹால்வரின் ஆலோசகன் முகத்தில் வெளிச்சம் வந்தது.

மூன்றே முக்காலுக்கு ஆலோசகன் அவன் காதில், "வெளிக்கிடுவம். எழுத்திலை அனுப்பினால் போதும்" என்றான்.

"முகம் பார்த்துச் சொல்லுறன் எண்டு சொல்லிப்போட்டன்."

"உவையின்ரை முகத்தைப் பார்த்தாச்சுத்தானே?"

ஹால்வர் அப்போதுதான் திரும்பி மண்டபத்தைப் பார்த்தான்.

ஆலோசகன் பையை எடுத்துக்கொண்டு ஓடினான்.

முப்பத்தோராவது பெயர் ஓசே. மீன் வெட்டும் பகுதியில் வேலை செய்பவள்; அந்த மண்டபத்தில் ஒருநாளும் பேசியறியாதவள். முதல் இடத்தைக் கொடுத்தபோது, தன்னைக் கடைசிக்குப் போடச் சொன்னவள். கையில் பேனாவோடு எழுந்தாள்.

"எனக்குப் பேசத் தெரியாது. படகை நிப்பாட்ட வேண்டாம் எண்டு எல்லாரும் சொல்லிப்போட்டினம். நிப்பாட்டுவாய் எண்டு எனக்குத் தெரியும். நான் கேக்கிறது ஒரு திகதி. மகள் அங்காலை பள்ளிக்கூடம் போறவள். கடைசிப் படகு எண்டைக்கு எண்டு சொன்னால், அவளுக்கு அங்கை ஒரு அறை பார்க்கலாம். கட்டிலும் வாங்கோணும். வேறை ஒண்டும் இல்லை."

அமரவில்லை. பேனாவின் மூடியைப் பல்லால் கழற்றி, உள்ளங்கையை விரித்து, எழுதக் காத்து நின்றாள்.

துறையில் படகு ஊதிற்று.

"முப்பத்திரண்டு. ஹால்வர்."

அவன் முன்னே போனான். கடிதத்தை விரித்தான். திகதி மூன்றாவது வரியில் இருந்தது.

ஓசே அவனையே பார்த்தாள்.

முப்பது ஆண்டுகளில் அவன் மூன்று நிமிடத்தை வீணாக்கியதில்லை. இப்போது ஒரு நிமிடம் போயிற்று. மற்றொன்றும் போயிற்று. தோர்டிஸ் சுத்தியலைத் தொடவில்லை.

"என்ரை பேரை அடிச்சுவிடு, தோர்டிஸ்."

"நீ சொல்ல வந்ததை ஆரும் சொல்லிப்போட்டினமோ?"

"இல்லை."

"அப்ப?"

ஹால்வர் சன்னலைக் காட்டினான். படகு துறையை விட்டு விலகிக்கொண்டிருந்தது.

"சொல்ல வந்த ஹால்வர் உதிலை போறான்."

தவநாயகம் இவ்வளவில் நிறுத்தினார். கையெழுத்து என்னவாயிற்று, பதவி என்னவாயிற்று என்று கேட்டேன். "கதை முடிஞ்சுது, ஐயா" என்றார்.

பேர்கனில் எனக்குச் சொன்ன இருவர் முடிவை வேறாகச் சொல்கின்றனர். அவர்கள் கதையில் ஹால்வர் திகதியைச் சொல்லிவிடுகிறான், ஓசே எழுதிக்கொள்கிறாள், தோர்டிஸ் நன்றி கூறி முப்பத்துமூன்றாவது பெயரை அழைக்கிறாள். துரொண்ட்ஹைமில் வாழும் பருத்தித்துறைக்காரர் ஒருவரோ, அவன் ஆலோசகனோடு மூன்றே முக்காலுக்கே ஓடிவிட்டான் என்றார். கூட்டமும் பட்டியலும் முடிக்கப்படாமலே கிடக்கின்றனவாம். ஒருவர் பெயரை அவரன்றிப் பிறர் அடிக்கும் வழக்கம் அங்கே இல்லை. ஆகவே தோர்டிஸ் எந்தக் கூட்டத்தைத் தொடங்கினாலும் முதலில் அவன் பெயரை வாசிக்கிறாளாம். வாசித்ததும் ஒரு நிமிடம் எல்லோரும் கதவைப் பார்ப்பார்களாம். பிறகு அடுத்த பெயர்.