சகலையின் கோடு

"டீச்சர், எங்க சகலை எப்படி ஜெயிக்கிறாருன்னு மட்டும் எனக்குச் சொல்லிக்கொடுங்க. வேற எதுவும் வேண்டாம்."

சென்னியப்பன் இதை நின்றுகொண்டே கேட்டார்.

பிருந்தா நாற்காலியைக் காட்டினாள். அவர் உட்காரவில்லை.

கரூரில் ஒரு மருந்துக்கடைக்கு மேலே அவளுடைய அறை. ஞாயிற்றுக்கிழமைகளில் ஏற்றுமதிக்காரர்கள் அங்கே வந்து, தங்கள் வியாபாரத்தின் எண்களை எப்படிப் படிப்பது, எந்த நாட்டில் எது போகும், எது போகாது என்று அவளிடம் கற்றுக்கொண்டார்கள். மாணவர்கள் எல்லோரும் டீச்சரைவிட மூத்தவர்கள். மில் முதலாளிகள். மூக்குக்கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு லேப்டாப்பை எட்ட வைத்துப் பார்ப்பார்கள். அவர்களில் சென்னியப்பன் முதல் வரிசைக்காரர். வீட்டுப்பாடம் தவறாதவர்.

இன்று ஞாயிறு இல்லை. தனியாக வந்திருந்தார்.

"அவரு என்னைவிடப் படிச்சவர் இல்லைங்க. நான் வாங்கற அதே நூலைத்தான் வாங்கறாரு. என் சாயப்பட்டறையிலதான் சாயம் போடறாரு. அப்புறம் எப்படிங்க?"

"எது எப்படிங்க சார்?"

"வீட்டுக்குள்ள லிஃப்ட் வெச்சிருக்காருங்க. ரெண்டே மாடிக்கு."

பிருந்தா சிரிக்கவில்லை. அதனால் அவர் மேலும் சொன்னார்.

மயில்சாமி அவர் மனைவியின் தங்கையைக் கட்டியவர். சென்னியப்பன் மூத்த மாப்பிள்ளை. ஒரு காலத்தில் மாமனார் வீட்டில் முதல் இலை அவருக்குத்தான் விழும். மயில்சாமியின் பெட்ஷீட் அமெரிக்காவுக்குப் போக ஆரம்பித்த பிறகு, போட்டோவுக்கு நிற்கும்போது நடுவில் யாரை நிறுத்துவது என்று யாரும் யோசிப்பதே இல்லை. போன மாதம் காதுகுத்து வீட்டில் மச்சான் இவரைப் பார்த்து, "மாமா, கொஞ்சம் அந்தப் பக்கம் தள்ளிக்குங்க, சின்ன மாமா மறையறாரு" என்றான்.

அவர் தள்ளிக்கொண்டார்.

மயில்சாமியின் ஆபீசில் நியூயார்க் நேரம் காட்டும் கடிகாரம் ஒன்று உண்டு. அதைப் பார்த்துவிட்டு வந்த வாரமே சென்னியப்பனும் ஒன்று வாங்கி மாட்டினார். நியூயார்க்கில் மணி என்ன என்று அவரைத் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்லிவிடுவார். அந்த ஊரில் அவருக்கு ஒரு வாடிக்கையாளரும் கிடையாது.

"வெள்ளிக்கிழமை அட்வான்ஸ் கொடுக்கணுங்க. அகலத் தறி. பெட்ஷீட் போடறதுக்கு. மில்லை பேங்க்ல அடமானம் வெக்கறேன். என் சம்சாரம் வசந்தமணி கையெழுத்துப் போடமாட்டேங்கறா. டீச்சர் சரின்னு சொன்னா போடறேன்னு சொல்லிட்டா. நீங்க சரின்னு சொல்லணும்."

"அமெரிக்காவில யாருங்க உங்ககிட்ட பெட்ஷீட் கேட்டது?"

"சகலைகிட்டக் கேட்டாங்கல்லங்க."

பிருந்தா கையிலிருந்த பேனாவை மூடி வைத்தாள்.

"சரிங்க சார். உங்க கம்பெனியைப் பத்திச் சொல்லுங்க. உங்க சகலை அதுல வரக்கூடாது."

"அவ்வளவுதானா?"

"அவ்வளவுதான்."

சென்னியப்பன் தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"நாங்க கிச்சன் டவல் போடறோம். கட்டம் போட்டது, கோடு போட்டது. ஐரோப்பாவுக்குப் போகுது. அவரு மாதிரி அமெரிக்காவுக்கு—"

"வந்துட்டாரு."

"ஓ. சரி. எங்க மில்லு பைபாஸ்ல இருக்கு. அவரு மில்லு தாண்டி—"

"வந்துட்டாருங்க சார்."

"நாங்க…"

மின்விசிறி சுற்றிக்கொண்டிருந்தது. கீழே மருந்துக்கடையில் யாரோ இருமல் மருந்து கேட்டார்கள்.

சென்னியப்பன் அப்போதுதான் நாற்காலியில் உட்கார்ந்தார்.

"சொல்ல வரமாட்டேங்குது டீச்சர்" என்றார். பிறகு ரோஷம் வந்து, "வாயில சொல்ல வராது. படமா வெச்சிருக்கேன். நீங்க சொல்லிக்கொடுத்ததுதான்" என்று பையிலிருந்து லேப்டாப்பை எடுத்தார்.

அமெரிக்கத் துறைமுகங்களில் எந்தக் கம்பெனியின் சரக்கு எவ்வளவு இறங்குகிறது என்ற விவரத்தைக் காசுக்குத் தரும் இணையதளம் ஒன்று இருக்கிறது. அதிலிருந்து மயில்சாமியின் சரக்கைத் தோண்டி எடுத்து, தன் மில்லிலிருந்து போன சரக்கையும் பக்கத்தில் சேர்த்து, மாதவாரியாக ஒரே வரைபடத்தில் போட்டிருந்தார். சகலைக்குச் சிவப்புக் கோடு. தனக்கு நீலம்.

சுத்தமான வேலை. வகுப்பில் வேறு யாருக்கும் இது வராது.

சிவப்புக் கோடு இடது மூலையில் கிளம்பி, மலை ஏறுகிறவன் மாதிரி நின்று நின்று மேலே போயிருந்தது. நீலக் கோடு அடியில் படுத்துக் கிடந்தது. யாரோ தரையில் போட்டுவிட்டுப் போன நூல் மாதிரி.

"தினமும் காலையில டீ குடிக்கறதுக்கு முன்னாடி இதைத்தான் பாக்கறேன்."

"எவ்வளவு நாளா?"

"ரெண்டு வருஷம் இருக்கும். பாருங்க, எப்படிப் போறாருன்னு. நான் பாருங்க. செத்த பாம்பு."

பிருந்தா லேப்டாப்பை அவர் பக்கமே திருப்பி வைத்தாள்.

"சிவப்பை எடுத்துடுங்க சார்."

"எதுக்குங்க?"

"எடுத்துடுங்க."

அவர் விரல் போனது. பாதியில் நின்றது.

"அவரை எடுத்துட்டா அப்புறம் எதைப் பாக்கறதுங்க?"

அவள் எழுந்து போய் ஜன்னலைத் திறந்துவிட்டு வந்தாள். அவர் இன்னும் அப்படியேதான் இருந்தார். வெகுநாள் பகையாளியின் வீட்டைத் தன் கையாலேயே இடிக்கச் சொன்னால்கூட இவ்வளவு தயங்கியிருக்க மாட்டார்.

கடைசியில் அழுத்தினார்.

சிவப்பு போய்விட்டது.

போனதுமே நீலக் கோடு துள்ளி எழுந்தது. உயரமான கோட்டுக்கு இடம் கொடுக்கத்தான் படம் இத்தனை நாளாகச் சின்னக் கோட்டை அழுத்தி வைத்திருந்தது. இப்போது ஓரத்தில் இருந்த பெரிய எண்கள் சுருங்கிச் சின்ன எண்கள் வந்தன. திரை முழுவதும் நீலம்.

அது படுத்த நூல் இல்லை. அதில் மேடுகள் இருந்தன. தீபாவளி முடிந்த கையோடு ஒரு மேடு, சித்திரைக்கு முன்னால் இன்னொன்று. வருஷா வருஷம் அப்படியே. பிறகு ஓர் இடத்தில் மேடு குட்டையானது. அடுத்தது அதைவிடக் குட்டை. அப்புறம் மேடே இல்லை. கோடு படி இறங்குகிறாற்போல் இறங்கிக்கொண்டே போய், வலது ஓரத்தில் பழைய உயரத்தில் பாதிக்கு வந்திருந்தது.

சென்னியப்பன் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றினார். இறக்கினார்.

"இது யாரோட கோடுங்க?"

"உங்களோடது."

"இல்லீங்க. சிவப்பை எடுத்ததுல எங்கியோ தப்பாயிருக்கு. எனக்கு இப்படி இறக்கம் எல்லாம் கிடையாது. நான் ஏறலைங்கறதுதான் குறை."

"நாடுவாரியாப் பிரிச்சுப் பாருங்க."

அதுவும் அவருக்குத் தெரிந்த வேலைதான். பிரித்தார். ஜெர்மனி அப்படியே இருந்தது. பிரான்ஸ் அப்படியே இருந்தது. இறங்கியது ஒன்றே ஒன்று.

"டென்மார்க்" என்றார். குரல் அடங்கியிருந்தது. "கிர்ஸ்டன் அம்மா."

"யாருங்க அவங்க?"

"என்னோட முதல் ஆர்டர் அவங்களுதுங்க. ஒத்தைத் தறி வெச்சிருந்தப்ப வந்தவங்க. வசந்தமணி கையால ரசம் சாப்பிட்டவங்க. வருஷா வருஷம் ஆர்டர் வந்துரும். நான் கேக்கறதுகூட இல்லை, அதுபாட்டுக்கு வரும்."

"கடைசியா எப்பப் பேசினீங்க?"

"போன வருஷம் நேர்லயே வந்தாங்க. பங்குனி மாசம். மத்தியானம் முழுக்க என் ஆபீஸ்லதான் இருந்தாங்க."

"என்ன கேட்டாங்க?"

"சகலை மில்லுக்கும் போயிட்டுத்தான் வந்தாங்க. டிரைவர் சொன்னான். அதான் நானும் கேட்டேன். உள்ள எத்தனை தறி ஓடுது, என்ன விலை சொன்னாரு, யாரெல்லாம் வந்திருந்தாங்கன்னு. வர்றவங்களுக்கு இளநீர் கொடுக்கறது சகலையோட பழக்கம். வெட்டி, குழல் போட்டு, அதுல ஒரு பூவும் சொருகிக் கொடுத்திருக்காரு. மஞ்சள் செம்பருத்தி. அவங்க அதைப் போட்டோ எடுத்து வெச்சிருந்தாங்க."

"அவங்க உங்ககிட்ட என்ன கேட்டாங்க, சார்?"

சென்னியப்பன் அந்த மத்தியானத்தை நினைத்துப் பார்த்தார்.

இளநீர் ஞாபகம் இருந்தது. செம்பருத்திப்பூவின் நிறம் ஞாபகம் இருந்தது. மயில்சாமி அன்று போட்டிருந்த சட்டைகூட அந்தப் போட்டோவில் பார்த்தது ஞாபகம் இருந்தது. கிர்ஸ்டன் அம்மா பையிலிருந்து ஒரு சின்ன மாதிரித் துணியை எடுத்து மேசை மேல் விரித்தது, அதைத் தடவிக்காட்டி ஏதோ சொன்னது, சொல்லிக்கொண்டே இருந்தது, இவர் தலையாட்டியது, இவையும் ஞாபகத்துக்கு வந்தன. என்ன சொன்னார்கள் என்பதுதான் வரவில்லை.

அவர்கள் போன பிறகு மேசையில் டீ கிளாஸ் விட்ட வட்டத்தை அங்கே கிடந்த ஒரு துணியை எடுத்துத் துடைத்திருந்தார். அது எந்தத் துணி என்று இப்போது தெரிந்தது.

கைபேசி அடித்தது. தறிக் கம்பெனிக்காரன். அவர் அதைப் பார்த்தார். அடித்து ஓயும்வரை பார்த்துக்கொண்டே இருந்தார்.

பிறகு அதில் வேறொரு பேரைத் தேடினார். வெகு கீழே போக வேண்டியிருந்தது.

"டீச்சர்."

"சொல்லுங்க சார்."

"டென்மார்க்ல இப்ப மணி என்னங்க?"