முள்ளாயி வாலில் இருந்த வித்து

அந்தக் காலத்தில் வெண்கோம்பை மலையில் மனுசருக்கும் விலங்குக்கும் ஒரே பேச்சுதான் இருந்தது. உறவாடவும் அது போதும், சண்டை போடவும் அது போதும்.

மலையின் தென்சரிவில் சடைச்சி என்று ஒருத்தி இருந்தாள். புருசன் கரியான், சின்னஞ்சிறு மகள் குப்பி, ஒரு சாமைக்காடு. அவ்வளவுதான் அவள் உலகம். ஒரு வருசம் மழை பொய்த்தது. தானியக் குதிர் காலியானது. கூரையில் தொங்கிய சுரைக்குடுக்கையில் விதைச்சாமை மட்டும் மிஞ்சியது. வித்து இழந்த குடி மலையை விட்டு இறங்கிவிட வேண்டியதுதான் என்பது அங்கே எல்லோருக்கும் தெரியும். கீழே யாரோ ஒருவர் காட்டில் கூலிக்கு நிற்க வேண்டும்.

"அந்தக் குடுக்கை என்னையே பாக்குது புள்ள" என்றான் கரியான்.

"நீதான் அதைப் பாக்குற."

"ரெண்டு பேரும் பாத்துக்கிறோம்னு வச்சுக்க."

சடைச்சி சிரிக்கவில்லை. தானும் அதைத்தான் பார்த்துக்கொண்டிருக்கிறோம் என்று அவளுக்குத் தெரியும். குப்பி பசி என்று ஒருமுறை கூடுதலாக அழுதால் தன் கையே அதை அவிழ்த்துவிடும். அதனால் குடுக்கையை எடுத்துக்கொண்டு தன் சிநேகிதி மலையணிலிடம் போனாள். நாவல்மரத்து உச்சியில் அணிலுக்குப் பெரிய கூடு இருந்தது.

"மழை வரைக்கும் பத்திரமா வச்சிரும்மா."

"இதென்ன பெரிய காரியம் அக்கா, குடு" என்றது அணில்.

சில நாள் போனது. குப்பி சோர்ந்து படுத்தாள். சடைச்சி மரத்தடிக்குப் போய் நின்றாள். வாயைத் திறந்து கேட்கக்கூட இல்லை. முகத்தைப் பார்த்ததுமே அணில் குடுக்கையோடு இறங்கி வந்துவிட்டது. "உனக்கு இல்லாததா அக்கா?" என்று இரண்டு கை அள்ளிக் கொடுத்தது. அன்று கஞ்சி கொதித்தது. பிறகு இன்னொரு நாள். பிறகு அடிக்கடி. ஒருநாள் அணில் குடுக்கையைக் குலுக்கிப் பார்த்துவிட்டு, "ஒரு கைப்பிடி கிடக்கு அக்கா, அதையும் கொட்டட்டுமா?" என்றது.

சடைச்சி எட்டிக் குடுக்கைக்குள் பார்த்தாள். "வேண்டாம்" என்று குடுக்கையைப் பிடுங்கிக்கொண்டு நடந்தாள். வீட்டுக்குப் போகவும் பயமாக இருந்தது. கால் தானாக வடக்குப் பாறைப் பக்கம் திரும்பியது. அங்கே வளைக்குள் முள்ளாயி என்ற முள்ளம்பன்றி குடியிருந்தது. அதற்கும் சடைச்சிக்கும் பேச்சு நின்று ஒரு வருசம் ஆகியிருந்தது. வளையோரம் ஓடிய வள்ளிக்கொடியின் கிழங்கை, மறுபடி துளிர்க்கத் தலைப்பகுதிகூட விடாமல், சடைச்சி அடியோடு தோண்டிப் போனதுதான் காரணம்.

"யாரது வாசல்ல?" என்று உள்ளிருந்து குரல் வந்தது. "என் கிழங்கை வேரோட பேத்த மகராசியா?"

"நான்தான்."

"இங்க இனி தோண்ட ஒண்ணும் இல்ல தாயி. எல்லாம் உன் புண்ணியம்."

"தோண்ட வரல. இதை வச்சிரு. மழை பெஞ்சதும் குடு. அதுக்கு முன்னால நான் என்ன சொல்லிக் கேட்டாலும் குடுக்காத."

"மரத்து மேல உன் சிநேகிதி இருக்காளே?"

"அவ குடுத்துடுவா."

"நான் மட்டும் குடுக்க மாட்டேனா?"

"உனக்குத்தான் என்னைக் கண்டாலே ஆகாதே. அதை நம்பித்தான் வந்தேன்."

முள்ளாயி வெளியே வந்தது. அதுவும் எலும்பும் தோலுமாகத்தான் இருந்தது. குடுக்கையை மோந்து பார்த்தது. மூக்கை எடுக்க அதற்குச் சிரமமாக இருந்ததைச் சடைச்சி பார்த்தாள்.

"வளைக்குள்ள வச்சா எறும்பு தூக்கும்" என்றது முள்ளாயி. "எறும்பு விட்டா நான் தின்னுடுவேன். எனக்கும் வயிறுன்னு ஒண்ணு இருக்கில்ல. என் வாய்க்கு எட்டாத இடம் ஒண்ணே ஒண்ணுதான்." அது திரும்பி வாலைக் காட்டியது. "முள்ளு நுனியை ஒடி. உள்ள போடு."

அந்நாளில் முள்ளம்பன்றியின் வால்முள்ளும் முதுகுமுள்ளைப் போலவே ஈட்டிக் கூர்மையாக இருந்தது. பின்னால் வரும் பகையை அதுதான் நிறுத்தும்.

"ஒடிச்சுட்டா செந்நாய் வந்தா என்ன பண்ணுவ?"

"அது என் பாடு. நீ ஒடிடி."

சடைச்சி ஒவ்வொரு நுனியாக ஒடித்தாள். உள்ளே நாணல்போலப் புழையாக இருந்தது. ஒவ்வொன்றிலும் கொஞ்சம் கொஞ்சமாகச் சாமையைப் போட்டு, வாயைத் தேன்மெழுகால் அடைத்தாள். முள்ளாயி வாலை ஆட்டியது. சலசலவென்று சத்தம் கேட்டது.

அதன்பின் காட்டில் கிடைத்த அத்திக்காயும் ஈச்சங்குருத்துமாக நாள் நகர்ந்தது. தாங்க முடியாத நாளில் சடைச்சி வளை வாசலுக்கு ஓடுவாள். ஒரு கை மட்டும் கொடு என்று கெஞ்சுவாள். பிள்ளைமேல் இரக்கமில்லையா என்று அழுவாள். கடைசியில் வாய்க்கு வந்தபடி ஏசுவாள். உள்ளிருந்து ஒரு பதிலும் வராது, சலசல என்ற சத்தம் மட்டும் வரும். அதைக் கேட்டபின் அவளுக்கு எப்படியோ ஆத்திரம் அடங்கிவிடும். வீட்டுக்கு வந்து கரியானிடம் "இருக்கு" என்பாள். அவனும் அதற்குமேல் கேட்க மாட்டான்.

ஒருநாள் போனபோது அந்தச் சத்தம் இல்லை. கூப்பிட்டுப் பார்த்தாள். காதை வைத்துப் பார்த்தாள். வளை வெறுமையாகக் கிடந்தது. மறுநாளும் அப்படியே. அதற்கடுத்த நாள் கிழக்கே மேகம் கறுத்து, மண் மணக்க மழை இறங்கியது. மலை முழுக்கக் மண்வெட்டியும் களைக்கொட்டுமாகச் சனம் விதைக்கக் காட்டுக்கு ஓட, சடைச்சி மட்டும் காலி வளையின் முன்னால் நனைந்துகொண்டு உட்கார்ந்திருந்தாள்.

குப்பியைத் தோளில் போட்டுக்கொண்டு கரியான் வந்தான். "தின்னுட்டாளோ?"

"தின்னிருந்தாலும் என்னன்னு கேக்குறது? பசிக்கு நாமளும்தான் தின்னோம், நம்மகிட்ட யாரு கேட்டா?" என்றாள். சொல்லும்போதே கீழ்நாட்டுப் பாதை அவள் கண்முன் வந்தது.

அப்போது மலைமுகட்டுப் பக்கமிருந்து சலசல என்று கேட்டது.

மழையில் நனைந்த முள்ளெல்லாம் படிந்துபோய், செந்நாய் கவ்விய பின்னங்காலை இழுத்துக்கொண்டு முள்ளாயி இறங்கி வந்தது.

"மழை கொட்டுது, காட்டைக் கொத்தாம இங்க என்ன ஒப்பாரி?" என்றது.

"எங்கடி போன?"

"முகட்டுக்கு. நீ தினம் வந்து அழுதா நான் எத்தனை நாள்தான் கல்லா இருக்கிறது? போன தடவை மெழுகைப் பேக்கச் சொல்லி உன்னைக் கூப்பிட வாய் வந்துடுச்சு. அதான் உன் சத்தம் எட்டாத இடத்துக்கு ஓடிட்டேன்."

சடைச்சி மெழுகை ஒவ்வொன்றாக எடுத்தாள். சாமை ஒரு மணி குறையாமல் உள்ளங்கையில் விழுந்தது, ஈரமே படாமல். கரியான் மகளைத் தூக்கி அதைக் காட்டி, "பாரு, உன் கஞ்சி" என்றான்.

அந்த ஒரு கைப்பிடி காடாக விளைந்தது. முதல் கூடை முள்ளாயி வாசலுக்குப் போனது. வளையோரம் வள்ளிக்கொடியும் மறுபடி ஏறியது. சடைச்சியே தேடி நட்டது அது. ஒடித்த வால்முள்ளில்தான் நுனி முளைக்கவே இல்லை. முள்ளாயி குட்டிகளுக்கும், அவற்றின் குட்டிகளுக்கும் வால்முள் மழுங்கி, வாய்திறந்து, புழையாகவே வளர்ந்தது. ஆட்டினால் இன்றும் சலசலக்கிறது.

அறுவடை முடிந்து புது வித்து குடுக்கைக்குப் போன நாளில் சடைச்சிக்கு ஒரு கவலை வந்தது.

"இந்த வருசம் உன்கிட்ட வைக்க முடியாதே முள்ளாயி."

"ஏன், நான் குறைச்சுக் குடுத்தேனா?"

"இப்ப நான் அழுதா நீ குடுத்துடுவ."

முள்ளாயி யோசித்துப் பார்த்துவிட்டு ஒப்புக்கொண்டது. "ஓடைத் தண்ணிக்கு உன்கூட மல்லுக்கு நிக்கிறாளே கீழ்ச்சரிவு வெள்ளச்சி. அவகிட்டக் கொண்டு போ. அவ வித்தை நீ வாங்கி வை."

அன்று முதல்தான் வெண்கோம்பை மலையில் எந்த வீட்டு வித்தும் அந்த வீட்டில் தங்குவதில்லை. பேச்சு நின்றுபோன வீடாகப் பார்த்துக் கொடுத்து வைக்கிறார்கள். முதல் மழை விழுந்ததும் அந்த வாசலில் போய் நின்று, பெயர் சொல்லிக் கூப்பிட்டு வாங்கி வருகிறார்கள். அதனால் அங்கே பஞ்சம் வந்தாலும் வித்து மிஞ்சுகிறது, எப்பேர்ப்பட்ட சண்டையும் ஒரு விதைப்புக்குமேல் நீள்வதில்லை.