தானாக முளைத்த பாலம்

கீழாற்றூர் தொகுதியில் எந்த விழாவானாலும் மைக் பிடித்து அறிவிப்புச் செய்கிறவள் சிந்தாமணி. எம்.எல்.ஏ. தங்கராசு இரண்டாம் முறை ஜெயித்தபோது அவருக்குப் பாராட்டு விழா வைத்தார்கள். தொடங்குவதற்குமுன் அவர் அவளை மேடைக்குப் பின்னால் கூப்பிட்டார்.

"தொகுதி வரலாறு ஒண்ணு விடாம சொல்லணும். ஆனா மரகதம் பேரு உன் வாயில வரக்கூடாது. வந்துச்சுன்னா, கோயில் கொடை விழாவுக்குக்கூட இனி நீ மைக்கைத் தொட முடியாது."

நடுவில் ஒருமுறை தங்கராசுவைத் தோற்கடித்தவர் மரகதம். வெள்ளம் வந்தால் பிரசவத்துக்குக்கூட ஆற்றைக் கடக்க முடியாமல் கிடந்த ஊர்களுக்குப் பாலம் கட்டிக் கொடுத்தவர். இப்போது அவர் உயிரோடு இல்லை.

"சரிங்கய்யா," என்றாள் சிந்தாமணி.

மேடையில் அவள் குரல் கணீரென்று ஒலித்தது. "தொகுதியின் முதல் தேர்தலில் ஐயா ஜெயித்தார். அடுத்த தேர்தலில் ஐயா தோற்றார். ஆனால் ஜெயித்தவர் என்று யாருமே இல்லை. அந்த ஐந்து வருஷத்தில்தான் நம் ஆற்றின் மேல் ஒரு பாலம் தானாக முளைத்தது."

கூட்டம் குலுங்கிச் சிரித்தது. பின்வரிசையில் ஒருத்தி, "மரகதம்மா," என்றாள். கொஞ்ச நேரத்தில் மைதானமே அந்தப் பேரைச் சொல்லிக்கொண்டிருந்தது.

தங்கராசு பல்லைக் கடித்தபடி, "பேரைச் சொல்லித் தொலை," என்றார்.

"என் வாயில வரக்கூடாதுன்னீங்களே ஐயா. நீங்களே சொல்லிடுங்க."

மைக்கை அவர் கையில் கொடுத்துவிட்டு அவள் ஒதுங்கி நின்றாள். வேறு வழியில்லாமல் அவர் அந்தப் பேரைச் சொன்னார். அன்று அவருக்குக் கிடைத்த கைதட்டல் அது ஒன்றுதான்.