மோர் கேட்காத ஓலை

இந்தக் கதையை நான் எங்கும் படிக்கவில்லை. பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்து வந்த ஒரு ஜெராக்ஸ் கடைக்காரர் சொன்னது. அவருக்கும் யாரோ சொன்னதுதானாம். அரசரின் பெயரை ஒரு தடவை வீரமுத்து என்றார், இன்னொரு தடவை முத்துவீரர் என்றார். முதலில் சொன்னதையே நான் வைத்துக்கொள்கிறேன்.

மணற்குறிச்சிப் பாளையத்தின் அரசர் வீரமுத்து நாயக்கருக்குக் கோபம் குறைவு, தாகம் அதிகம், ஞாபகம் மிகக் குறைவு. அவர் வாயால் சொல்வார், ராயசம் அம்பலவாணர் ஓலையில் எழுதுவார். அரசருடைய கடிதங்களை எழுதுவதுதான் ராயசத்தின் வேலை. முன்பிருந்த ராயசம் ஒருவர் சொல்லாததையெல்லாம் சேர்த்து எழுதிவிட்டதால், அரசர் ஒரு சட்டம் போட்டிருந்தார்: "என் வாயிலிருந்து வந்தது ஒன்றும் குறையக்கூடாது, ஒன்றும் கூடக்கூடாது." ஓலையில் எழுத்தாணியால் கீறியதை அழிக்கவும் முடியாது.

ஊர்க் கிணற்றுக்குப் பக்கத்தில் இருந்த காலி மனையைக் கிறிஸ்தவ வேதம் சொல்லித்தரும் சவரிமுத்து உபதேசியாருக்கும் அவருடைய ஆட்களுக்கும் ஒரு சின்னக் கோயில் கட்டிக்கொள்ள அரசர் வாய்வார்த்தையாகக் கொடுத்திருந்தார். அரசரின் மந்திரியான பிரதானி வேங்கடப்பருக்கு அந்த மனையில் தன் குதிரைகளைக் கட்ட ஆசை. ஒரு காலையில் உபதேசியார் கைக்கு ஓலை வந்தது. மூன்று நாளில் மனையைக் காலி செய்ய வேண்டும், அங்கே போட்டிருந்த தற்காலிகக் கூரையைப் பிரித்துவிட வேண்டும். அடியில் அரண்மனை முத்திரை.

உபதேசியார் பதறிப்போய்ச் சபைக்கு ஓடி வந்தார்.

"நானா சொன்னேன்?" என்று அரசர் தலையைச் சொறிந்தார். "சொல்லியிருப்பேனோ? ராயசம், நீரா எழுதினீர்?"

"இல்லை மகாராஜா."

"அவர் காய்ச்சலில் படுத்திருந்தார்," என்றார் பிரதானி. "மகாராஜா சமூகம் சொல்லச் சொல்ல என் எழுத்தன் எழுதினான்."

"அப்படியும் இருக்கலாம்," என்றார் அரசர். அவர் கண் உபதேசியாரின் கையில் இருந்த சுவடிக்கட்டின் மேல் விழுந்தது. "அது என்னய்யா?"

"எங்கள் சின்னப்பர் வாயால் சொல்ல, ஓர் ஆள் கொரிந்து ஊர்ச் சபைக்கு எழுதிய கடிதம், மகாராஜா. தமிழில் எழுதி வைத்திருக்கிறோம்."

"சின்னப்பரா? பெரியப்பர் எங்கே போனார்?"

சபை சிரித்தது. உபதேசியார் சிரிக்கவில்லை. பவுல் அடிகளைத்தான் அவர்கள் அப்படிச் சொல்வார்கள்.

"வாசியும், கேட்போம்," என்றார் அரசர்.

உபதேசியார் வாசித்தார். அந்த ஊரில் கிறிஸ்பு, காயு என்ற இரண்டு பேரைத் தவிர வேறு யாருக்கும் தான் ஞானஸ்நானம் கொடுக்கவில்லை என்கிறார் சின்னப்பர். அடுத்த மூச்சிலேயே ஸ்தேவான் வீட்டாருக்கும் கொடுத்தேன் என்கிறார். அதற்கு மேல் வேறு யாருக்காவது கொடுத்தேனா என்று தெரியாது என்கிறார்.

பிரதானி கையைத் தட்டினார். "கேட்டீர்களா! தான் செய்ததே தனக்குத் தெரியாத ஒரு மகான்! எவனோ எழுதி அவர் பெயரைப் போட்டுவிட்டான். பொய்க்கடிதத்தைக் கும்பிடுகிறவனுக்கு மனை எதற்கு?"

அரசர் நிமிர்ந்து உட்கார்ந்தார். "ராயசம், இங்கே இரண்டு கடிதம் இருக்கிறது. இரண்டையும் அனுப்பினவர் கையால் எழுதவில்லை. எது பொய் என்று இப்போதே சொல்லும். எழுத்து யாருடையது, முத்திரை யாரிடம் இருந்தது என்ற பேச்சே கூடாது. தப்பாகச் சொன்னால் நாளை முதல் உமக்கு எழுத்தாணி கிடையாது. மனையும் பிரதானிக்குத்தான்."

அம்பலவாணர் ஒரு பழைய ஓலைக்கூடையைக் கொண்டுவரச் சொன்னார்.

"எல்லாம் மகாராஜா அனுப்பிய கடிதங்களின் படிகள். வாசிக்கலாமா?"

"வாசியும்."

"'வடக்கு மடைக்கு இரண்டு ஆள் அனுப்பவும். இல்லை, மூன்று. மோர் எங்கேடா? மூன்றாவது ஆள் அந்தக் காது நீண்டவன், பெயர் வாயில் வரவில்லை.'"

தளபதி மேல்துண்டை வாயில் வைத்து அமுக்கிக்கொண்டார்.

"அடுத்தது சமூகத்தின் மாமனாருக்குப் போனது. 'தங்கள் திருவடிக்கு நமஸ்காரம். மோரில் உப்பே இல்லை. எல்லோரும் நலம்.'"

"அடப்பாவி! அதையுமா எழுதினீர்?"

"ஒன்றும் குறையக்கூடாது என்பது சட்டம், மகாராஜா."

"அதுதான் மாமனார் எனக்கு ஒரு மூட்டை உப்பு அனுப்பினாரா!"

சபையே உருண்டு சிரித்தது. அம்பலவாணர் காத்திருந்தார்.

"மகாராஜா, பொய்க்கடிதம் எழுதுகிறவன் மறக்க மாட்டான். உட்கார்ந்து யோசித்து, பெயரெல்லாம் சரிபார்த்து எழுதுவான். எழுத ஆளை வைத்துக்கொண்டு வாயால் சொல்கிறவருக்குத்தான் பாதியில் ஞாபகம் வரும். அதற்குள் எழுதுகிறவன் எழுதி முடித்திருப்பான். ஒரு மகான் தன் மறதியைத் தானே சொல்கிறார். அவர் பெயரில் பொய் எழுத வந்தவன் அப்படி எழுதத் துணிவானா?"

பிறகு பிரதானியின் ஓலையை எடுத்தார். "நான்கு எல்லையும் பிசகாமல் இருக்கிறது. கூரையில் எத்தனை கழி என்றுகூட இருக்கிறது. ஒரு பெயர் மறக்கவில்லை, ஒரு சொல் தடுமாறவில்லை. அழகான கடிதம். எனக்கு ஒரே ஒரு சந்தேகம்." ஓலையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "இதில் மோர் எங்கே?"

"அன்றைக்கு... அன்றைக்குச் சமூகம் மோர் கேட்கவில்லை," என்றார் பிரதானி.

அரசர் மடைப்பள்ளிப் பக்கம் திரும்பினார். "டேய், நான் மோர் கேட்காத நாள் உண்டா?"

"நான் வேலைக்குச் சேர்ந்த பிறகு இல்லை, மகாராஜா," என்று உள்ளிருந்து குரல் வந்தது.

பிரதானி தலையைக் குனிந்துகொண்டார். அரசர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். கோயில் கட்டி முடியும்வரை வேலையாட்களுக்குப் பிரதானியே தன் கையால் மோர் ஊற்ற வேண்டும் என்றார். அம்பலவாணருக்குத் தங்க எழுத்தாணி கிடைத்தது. அதைக்கொண்டு அவர் எழுதிய முதல் ஓலை இது: "கிணற்றடி மனை இந்த உபதேசியாருக்கே. அவர் பெயர் என்னவோ. சவரிமுத்து. மோர் கொண்டா."

பஸ்ஸிலிருந்து இறங்கிய பிறகும் எனக்குச் சந்தேகம். அந்தக் கடிதத்தைத் தேடிப் படித்தேன். முதல் அதிகாரத்திலேயே இருக்கிறது: முதலில் இரண்டு பேர், பிறகு ஒரு வீட்டார், பிறகு தெரியாது. முடிவில், இந்த வாழ்த்து என் கையால் எழுதியது என்று ஒரு வரி. மற்றதை எழுதியவர் பெயர் எங்கும் இல்லை.

மோரும் இல்லை. இரண்டு தடவை பார்த்துவிட்டேன்.