உச்சந்தலையில் ஒரு முத்திரை

அந்தக் காலத்தில் என்று ஆரம்பித்தால், எந்தக் காலத்தில் என்று கேட்பீர்கள். கேட்கத்தான் வேண்டும். ஏனென்றால் அப்போது காலம் ஒன்றாக இல்லை. பறவைகளும் விலங்குகளும் பேசின. காலமோ, ஆற்றிலிருந்து வாய்க்கால் பிரிகிற மாதிரி பிரிந்துகொண்டே போனது. போகலாமா, இருக்கலாமா என்று ஒருவன் தயங்கினால் போதும், அவன் போன காலம் ஒன்று, இருந்த காலம் ஒன்று என்று இரண்டு கிளைகள் உண்டாகிவிடும். இரண்டுமே நிஜம்தான்.

கிளைகள் கலந்துவிடாமல் பார்த்துக்கொள்ள ஒரு கச்சேரி இருந்தது. பாட்டுக் கச்சேரி இல்லை, தாலுகா கச்சேரி மாதிரி. ஆமைதான் அதிகாரி, மரங்கொத்தி குமாஸ்தா. காலம் பிரிகிற இடமெல்லாம் காவல் போட்டிருந்தார்கள். ஒரு கிளையிலிருந்து மறு கிளைக்கு ஆள் போகக் கூடாது, பொருள் போகக் கூடாது, சொல்லும் போகக் கூடாது. யாராவது மனு கொடுத்தால் மரங்கொத்தி அலகால் 'டொக்' என்று தள்ளுபடி முத்திரை குத்தும். அங்கே முன்னும் பின்னும் கிடையாதே, அதனால் நாளைக்குக் கொடுக்கப்போகிற மனுவை நேற்றே தள்ளுபடி செய்துவிடுவார்கள். வேறு எதிலும் இல்லாத சுறுசுறுப்பு அதில் மட்டும்!

தாமிரபரணிக் கரையில் ஆவுடை என்று ஒருத்தி இருந்தாள். தாயும் தகப்பனும் இல்லாத தம்பி சொரிமுத்துவை அவள்தான் தூக்கி வளர்த்தாள். அடைமழை நாள் ஒன்றில் அவன் அக்கரைக்கு வேலைக்குக் கிளம்பினான்.

"ஏலே, இருலே. ஒரு வாய் சாப்ட்டுட்டுப் போ."

"தோணி போயிரும்க்கா."

அந்த இடத்தில் காலம் பிரிந்தது. ஒரு கிளையில் சொரிமுத்து இருந்தான், சாப்பிட உட்கார்ந்தான். ஆவுடை மோர் வாங்கப் பக்கத்து வீட்டுக்குப் போன நேரம் பார்த்து, மழையில் ஊறிய மண்சுவர் அவன்மேல் சரிந்தது. மறு கிளையில் அவன் சாப்பிடாமலே தோணி ஏறிப் போய்விட்டான். அவனுக்கு வைத்த சோற்றின் முன்னால் ஆவுடை உட்கார்ந்தாள். அங்கே சுவர் அவள்மேல் சரிந்தது. அக்கா இல்லாத தம்பி ஒரு பக்கம், தம்பி இல்லாத அக்கா ஒரு பக்கம்.

தம்பியைப் பறிகொடுத்த ஆவுடை அழுது ஓய்ந்து, ஒரு நாள் கச்சேரிக்கே வந்துவிட்டாள்.

"என் தம்பி மறு கிளையில உசுரோட இருக்கானாமே, மெய்தானா?"

மரங்கொத்தி பதிவேட்டைப் புரட்டியது. "இருக்கான் தாயி. அங்க நீதான் இல்ல."

"அன்னைக்கு வெறும் வயித்தோட போனான். நான் அங்க இல்ல, யாரு போட்டிருப்பா அவனுக்குச் சோறு? 'சாப்ட்டியா'ன்னு ஒரே ஒரு சொல்லை அவன்கிட்ட சேத்துருங்கய்யா. வேற ஒண்ணும் கேக்கல."

ஆமை கழுத்தை நீட்டியது. "சொல் போகக் கூடாது. உம் மனு போன மாசமே தள்ளுபடி." கழுத்தை உள்ளே இழுத்துக்கொண்டது.

ஆவுடை வீட்டுக்குப் போகவில்லை. கச்சேரி வாசலிலேயே உட்கார்ந்துவிட்டாள். யாராவது சோறு கொடுத்தால், "அவன் சாப்ட்டானான்னு தெரியாம எனக்கு எறங்க மாட்டேங்குதே" என்று தள்ளி வைத்தாள். நாளாக ஆக எலும்பும் தோலுமானாள். இப்படியே போனால் அவளும் போய்விடுவாள் என்று மரங்கொத்திக்குத் தெரிந்துவிட்டது.

மனம் கேட்காமல் அது பழைய மனுக்கட்டைப் பிரித்தது. அதில் மறு கிளையிலிருந்து சொரிமுத்து கொடுத்த மனுவும் கிடந்தது. அவனும் அதையேதான் எழுதியிருந்தான்: 'அக்கா, சாப்ட்டியா?' அதன் மேல் தள்ளுபடி முத்திரை. தன் அலகுதான், படித்துக்கூடப் பார்க்காமல் எப்போதோ குத்தியிருந்தது.

"சீ, இதெல்லாம் ஒரு பொழப்பா!" என்றது மரங்கொத்தி.

சட்டத்தை எடுத்து வரி வரியாகப் படித்தது. ஆள் இருந்தது, பொருள் இருந்தது, சொல் இருந்தது. நினைப்பு மட்டும் எங்குமே இல்லை. சரி, எந்த வழியாக அனுப்புவது? காவல் போட மறந்த பிரிவு ஒன்றே ஒன்றுதான். அது மனிதனின் தொண்டை. சோற்றுக்கு ஒரு வழி, மூச்சுக்கு ஒரு வழி என்று அதுவும் இரண்டாகப் பிரிகிறதல்லவா?

மரங்கொத்தி இரண்டு மனுக்களிலிருந்தும் சொல்லைத் தோல் மாதிரி உரித்துப் போட்டது. உள்ளே இருந்த நினைப்பை மட்டும் எடுத்து, அக்காவுடையதைத் தம்பிக்கும் தம்பியுடையதை அக்காவுக்கும் அனுப்பிவிட்டு, தானும் தம்பி இருக்கும் கிளைக்குப் பறந்தது. குமாஸ்தாவைக் காவல் தடுக்காதே.

திரும்பி வந்து ஆவுடையின் முன் சோற்றுக் கும்பாவைத் தள்ளியது. "தாயி, ஒரு வாய் சாப்பிடு. சாப்பிட்டாத்தான் உனக்கு வந்தது கைசேரும்."

அவள் ஒரு கவளம் எடுத்து வைத்தாள். சோறு வழி மாறிப் புரையேறியது. கண்ணில் நீர் முட்டியது. மரங்கொத்தி அவள் உச்சந்தலையில் ஏறி 'டொக், டொக்' என்று தட்டியது. கிடைத்தது என்பதற்கு முத்திரை வேண்டுமே, இல்லாவிட்டால் அனுப்பியது திரும்பிப் போய்விடும்.

"அவனா?"

"அவனேதான். உன்னை நினைக்கிறான்."

"என் நினைப்பு அவனுக்குப் போச்சா?"

"போச்சே. இப்பத்தான் அவனுக்கும் புரையேறுச்சு. நானே தலையில தட்டிட்டு வாரேன்."

ஆவுடை கும்பாவில் இருந்த சோற்றைப் பார்த்தாள். பிறகு கூவினாள். "புரையேறுச்சுன்னா... அப்ப எம்புள்ள சாப்ட்டுக்கிட்டு இருக்கான்!"

அழுதுகொண்டே சிரித்தாள். அடுத்த கவளத்தைத் தானாகவே எடுத்தாள்.

விஷயம் தெரிந்து ஆமை மரங்கொத்தியை வேலையை விட்டு விரட்டியது. பாவம், முத்திரை குத்திய பழக்கம் விடாமல் அது இன்றும் மரத்தை மரத்தைத் தட்டிக்கொண்டு திரிகிறது. ஆனால் தொண்டைக்குக் காவல் போட ஆமையால் முடியவில்லை. போட்டால் மனிதன் எப்படிச் சாப்பிடுவான்? பெயரும் ஒரு சொல்தான், அது போகக் கூடாது என்று மட்டும் உத்தரவு போட்டது.

அன்றைக்கு ஆரம்பித்ததுதான் இது. சாப்பிடும்போது நமக்குப் புரையேறினால், பக்கத்தில் இருப்பவர் உச்சந்தலையில் தட்டி, "யாரோ நினைக்கிறாங்க" என்கிறார். யாராயிருக்கும் என்று தெரிந்த பெயரையெல்லாம் சொல்லிப் பார்க்கிறோம். இந்தக் கிளையில் நாம் பறிகொடுத்த ஒருவர், வேறொரு கிளையில், அந்தத் தட்டின் முத்திரையைக் கொண்டு நாம் சாப்பிடுகிறோம் என்று தெரிந்துகொண்டு, அப்போதுதான் தன் சோற்றில் கை வைக்கிறார்.